திரைக்கு முன் வானம்: தொலைக்காட்சி வானிலை அறிவிப்பாளர் ஆக விரும்புவோருக்கு

1954 ஜனவரி 11 அன்று பிபிசி தொலைக்காட்சியில் ஜார்ஜ் கவ்லிங் என்ற வானிலையாளர் வரைபடத்துக்கு முன்னால் நின்று மறுநாள் வானிலையைச் சொன்னார். அதற்கு முன்பு அந்தத் திரையில் வரைபடம் தெரியும், குரல் கேட்கும், ஆள் தெரியமாட்டார். காற்று கொஞ்சம் பலமாக இருக்கும், துணி உலர்த்த நல்ல நாள் என்று அன்று அவர் சொன்னார். எழுபது ஆண்டுகள் கழித்தும் இந்த வேலையின் உயிர் அந்த ஒரு வாக்கியத்தில்தான் இருக்கிறது. காற்றின் வேகம் என்ற எண்ணை, கேட்பவர் நாளைக்குச் செய்யப்போகும் காரியமாக மாற்றித் தருவதுதான் வேலை.

மலையேற்றம், மிதிவண்டி, மீன்பிடிப்பு, கூடாரம் என்று வெளியில் கிடப்பவர்களுக்கு இந்த மாற்றம் ஓரளவு இயல்பாகவே வரும். எந்தக் காற்றில் கூடாரம் நிற்காது, எந்த மேகத்தைக் கண்டால் மலையை விட்டு இறங்க வேண்டும் என்று உடம்புக்குத் தெரிந்திருக்கும். ஆனால் அந்த அறிவு எண்ணாகவும் சொல்லாகவும் மாறினால்தான் திரைக்கு உதவும். அதை எப்படி மாற்றுவது என்பதைப் படிப்படியாகப் பார்ப்போம்.

முதல் படி: ஓராண்டுக் குறிப்பேடு

கல்லூரியில் சேரும் முன்பே இதைத் தொடங்கலாம். ஒரு வெப்பமானி, ஒரு மழைமானி, ஒரு திசைகாட்டி, ஒரு நோட்டு போதும்.

வெப்பமானியை நிழலில், தரையிலிருந்து 1.25 முதல் 2 மீட்டர் உயரத்துக்குள், காற்று புகுந்து போகும் இடத்தில் வையுங்கள். வெயில் பட்டால் அது காற்றின் வெப்பத்தை விட்டுவிட்டுத் தன் சூட்டையே காட்டும். சுவரில் ஆணி அடித்து மாட்டுவதுதான் பலரும் செய்யும் பிழை. பகலில் வாங்கிய சூட்டைச் சுவர் இரவெல்லாம் வெளியே விடுவதால், விடிகாலைக் குறைந்தபட்ச அளவு உண்மையைவிடக் கூடுதலாகவே பதிவாகும்.

மழைமானிக்கு நேரான சுவர் உள்ள உருளைப் பாத்திரமும் ஓர் அளவுகோலும் இருந்தால் தொடங்கிவிடலாம். வாய் அகலமாக இருந்தாலும் குறுகலாக இருந்தாலும், சுவர் நேராக இருக்கும்வரை தேங்கும் உயரம் ஒன்றுதான். 1 மில்லிமீட்டர் மழை என்றால் ஒரு சதுர மீட்டர் பரப்பில் 1 லிட்டர் தண்ணீர். மரத்தடியும் கூரையோரமும் ஆகாது. பக்கத்தில் உள்ள மரமோ சுவரோ மழைமானியின் வாயைவிட எவ்வளவு உயரமோ, அதைப்போல் குறைந்தது இரண்டு மடங்கு தூரம் தள்ளி வையுங்கள். தினமும் ஒரே நேரத்தில் அளந்து கொட்டிவிடுங்கள். இல்லாவிட்டால் நேற்றைய மழை இன்றைய கணக்கில் ஏறிவிடும்.

காற்றுக்குக் கருவி வேண்டாம், சுற்றிலும் அசைவதைப் பார்த்தே காற்றின் பலத்துக்கு எண் தரும் போஃபோர்ட் அளவை போதும். இலைகளும் சிறு கிளை நுனிகளும் ஓயாமல் அசைந்தால் 3, அதாவது மணிக்கு 12 முதல் 19 கிலோமீட்டர். புழுதியும் காகிதத் துண்டுகளும் எழும்பினால் 4. பெரிய கிளைகள் ஆடி, குடையைப் பிடிக்கச் சிரமப்பட்டால் 6, அது 39 முதல் 49 கிலோமீட்டர். மரத்தில் சுள்ளிகள் ஒடிந்து விழுந்து, எதிர்க்காற்றில் நடக்கவே திணறினால் 8. இதை மனப்பாடம் செய்தவருக்கு, பின்னாளில் திரையில் நின்று '45 கிலோமீட்டர் வேகம்' என்று வாசிக்கும்போது கண்முன் ஒரு மரம் ஆடும். கேட்பவருக்கும் அந்த மரத்தைக் காட்ட முடியும்.

திசை எழுதும்போது ஒரு எச்சரிக்கை. வானிலையியலில் காற்று எங்கிருந்து வருகிறதோ அதுதான் அதன் பெயர். மேற்குக் காற்று என்றால் மேற்கிலிருந்து வருவது. தமிழில் வாடை, தென்றல், கொண்டல், கோடை என்று பழங்காலம் தொட்டு வைத்த பெயர்களும் இதே முறையில் வந்தவைதான்: வடக்கிலிருந்து வாடை, தெற்கிலிருந்து தென்றல், கிழக்கிலிருந்து கொண்டல், மேற்கிலிருந்து கோடை. வரைபடத்து அம்புக்குறி மட்டும் காற்று போகும் பக்கத்தைக் காட்டும். புதியவர்கள் நேரலையில் அதிகம் தடுமாறுவது இந்த இடத்தில்தான்.

மேகங்களுக்கு இன்று நாம் பயன்படுத்தும் பெயர்முறைக்கு லூக் ஹவார்டு 1802இல் அடித்தளம் போட்டார். இப்போது பத்து அடிப்படை வகைகள் உள்ளன. ஆரம்பத்தில் பத்தையும் மனப்பாடம் செய்வதைவிட, ஒரு மேகம் எப்படி மாறுகிறது என்று அரைமணி நேரம் நின்று பார்ப்பது பயன் தரும். காலை பத்து மணிக்கே திரள் மேகங்கள் அகலத்தைவிட உயரமாக வளர்ந்தால் பிற்பகலில் இடிக்கு வாய்ப்பு உண்டு. மேகத்தின் உச்சி காலிஃபிளவர் போலக் கூர்மையான விளிம்புடன் இருக்கும்வரை அது இன்னும் வளர்கிறது. விளிம்பு மங்கி, உச்சி கொல்லன் பட்டறைக்கல் போலத் தட்டையாக விரிந்துவிட்டால் உள்ளே பனிப்படிகங்கள் உருவாகிவிட்டன, அது முழு இடிமேகம்.

நோட்டின் கடைசிப் பத்திக்கு 'நாளைக்கு என் கணிப்பு' என்று பெயர் வையுங்கள். கைபேசிச் செயலியைப் பார்ப்பதற்கு முன்னால் அதை எழுத வேண்டும். பார்த்துவிட்டு எழுதினால் நீங்கள் எதையும் கற்கவில்லை, படியெடுத்தீர்கள்.

வார இறுதியில் வெளியே போகும்போது வெப்பமானியைக் கூடவே கொண்டுபோங்கள். தெளிந்த, காற்றில்லாத இரவில் பள்ளத்தாக்கின் அடியிலும், அதே சரிவில் 100 மீட்டர் மேலேயும் அளந்து பாருங்கள். குளிர்ந்த காற்று கனமானது, தண்ணீர் போல வழிந்து பள்ளத்தில் தேங்கும். அதனால் அடிவாரம்தான் குளிராக இருக்கும். பகலில் இது தலைகீழ்: சராசரியாக 1,000 மீட்டர் ஏறினால் 6.5 டிகிரி குறையும். இந்த இரண்டையும் கையால் அளந்தவர், ஒரு மாவட்டம் முழுவதற்கும் ஒரே எண்ணைச் சொல்லக் கூசுவார். நல்ல அறிவிப்பாளருக்கு அந்தக் கூச்சம் வேண்டும்.

இரண்டாம் படி: படிப்பு

இரண்டு பாதைகள் உண்டு. வானிலையியல் பட்டம் பெற்றுப் பின்னர் ஒளிபரப்புப் பயிற்சி எடுப்பது ஒன்று. இதழியல் படித்துச் செய்தியாளராக இருந்து, வானிலையைப் பின்னால் கற்பது இன்னொன்று. இரண்டிலும் வெற்றி பெற்றவர்கள் இருக்கிறார்கள். ஆனாலும் முதல் பாதையையே பரிந்துரைப்போம். புயல் நாளில் வானிலை மையத்தின் புதிய அறிக்கை நேரலையின் நடுவில் வரும். அதை அந்த நிமிடமே வாசித்துப் புரிந்துகொண்டு விளக்கப் பேச்சுத்திறன் மட்டும் போதாது.

வானிலையியல் பட்டத்தில் கால்வாசிக்கு மேல் கணிதமும் இயற்பியலும்தான் என்று நினைத்துக்கொண்டே சேருங்கள். நுண்கணிதம், வகைக்கெழுச் சமன்பாடுகள், வெப்ப இயக்கவியல், வளிமண்டல இயக்கவியல், தொலையுணர்தல், புள்ளியியல் எல்லாம் வரும். மேகத்தின் அழகுக்காகச் சேர்ந்து இரண்டாம் ஆண்டில் விலகுவோர் பெரும்பாலும் கணிதத்தில்தான் நிற்கிறார்கள். பள்ளி முடிக்கும் முன் நுண்கணிதத்தை உறுதி செய்துகொள்ளுங்கள். ஒரு வானிலையாளர் குறைந்தது என்ன படித்திருக்க வேண்டும் என்று உலக வானிலை அமைப்பு ஒரு பாடத்தொகுப்பே வகுத்து வைத்திருக்கிறது. நீங்கள் சேரப்போகும் படிப்பு அதை நிறைவு செய்கிறதா என்று கேளுங்கள். வேலைக்கு வந்தபின் தொழில்முறைச் சான்றும் பெறலாம். உதாரணத்துக்கு, அமெரிக்க வானிலையியல் கழகம் ஒளிபரப்பு வானிலையாளர்களுக்குத் தேர்வு வைத்து, அவர்கள் திரையில் செய்த வேலையையும் மதிப்பிட்ட பிறகே சான்றளிக்கிறது.

மூன்றாம் படி: திரைக்குப் பின்னால் உள்ள வரைபடங்கள்

நிலையத்துக்குள் நுழைந்ததும் கவர்ச்சியான வண்ணப்படங்கள் உங்களுக்காகக் காத்திருக்கும். ஒவ்வொன்றும் எங்கே பொய் சொல்லும் என்று தெரிந்துகொள்வதுதான் பாதித் தொழில்.

அகச்சிவப்புச் செயற்கைக்கோள் படம் மேகத்தின் உச்சி எவ்வளவு குளிராக இருக்கிறது என்பதைக் காட்டுகிறது. குளிர்ந்த உச்சி பளிச்சென்ற வெள்ளை. மழையே தராத உயரமான கீற்று மேகத் தொகுதியும் வெள்ளையாகத்தான் தெரியும். புதியவர் அதைக் காட்டி 'கனமழை மேகக்கூட்டம்' என்பார், கீழே மக்கள் வெயிலில் நடந்துகொண்டிருப்பார்கள். இதற்கு நேர்மாறு மூடுபனி. தரையும் மூடுபனியின் உச்சியும் ஏறக்குறைய ஒரே வெப்பநிலையில் இருப்பதால் இரவு அகச்சிவப்புப் படத்தில் அது தெரியவே தெரியாது. விடியலில் நெடுஞ்சாலை மறைந்திருக்கும், உங்கள் படத்தில் வானம் தெளிவாக இருக்கும்.

ரேடாரின் குறை வேறு. அது அனுப்பும் ரேடியோ அலைக் கற்றை நேராகப் போகிறது, பூமி வளைந்து கீழே இறங்குகிறது. அரை டிகிரி சாய்வில் புறப்படும் கற்றை 100 கிலோமீட்டர் தொலைவில் ஏறக்குறைய ஒன்றரை கிலோமீட்டர் உயரத்திலும், 200 கிலோமீட்டரில் ஏறக்குறைய 4 கிலோமீட்டர் உயரத்திலும் இருக்கும். அதற்குக் கீழே பெய்யும் மழை படத்தில் வராது. அதேபோல் உயரத்தில் மழை இருப்பதாகக் காட்டும், அது வறண்ட காற்றில் ஆவியாகித் தரைக்கு வராமலே போகும். ரேடாரில் நிறம் தெரிந்தால், அந்த ஊர் மழைமானியையும் பார்க்காமல் 'பெய்துகொண்டிருக்கிறது' என்று சொல்லாதீர்கள். 'மழை மேகம் கடந்துகொண்டிருக்கிறது' என்பது பாதுகாப்பான சொல்.

நாளைய வானிலையைக் கணக்கிட்டுத் தரும் கணினி மாதிரிகளில் ஒற்றை ஓட்டத்தை, அதாவது ஒரே ஒருமுறை போட்ட கணக்கை, நம்பாதீர்கள். தொடக்க நிலையில் சின்ன வேறுபாடு இருந்தாலும் சில நாட்களில் முடிவு முற்றிலும் வேறாகப் போகலாம் என்று அமெரிக்க வானிலையாளர் எட்வர்ட் லோரன்ஸ் 1963இல் கணக்கோடு காட்டினார். அதனால்தான் குழுக்கணிப்பு வந்தது. நடுத்தரக் கால முன்கணிப்புக்கான ஐரோப்பிய மையம் சற்றே வேறுபட்ட தொடக்கங்களோடு 51 ஓட்டங்களை நடத்துகிறது. அவற்றில் 45 ஒரே பக்கம் சாய்ந்தால் தைரியமாகப் பேசலாம். பாதிப் பாதியாகப் பிரிந்தால் அந்தப் பிளவையே மக்களிடம் சொல்ல வேண்டும். பத்து நாள் தள்ளி ஒரு புயல் கரையைக் கடப்பதாகக் காட்டும் ஒற்றை ஓட்டப் படத்தைச் சமூக ஊடகத்தில் போடும் அறிவிப்பாளர், அடுத்த ஆறு மணி நேரத்தில் வேறு படத்தைப் பார்த்துத் திகைப்பார். படம் மாறிவிடும். பரவிய பீதி திரும்பாது.

வாய்ப்பு விழுக்காட்டுக்கும் இங்கேயே பழகுங்கள். ஓர் ஊருக்கு 30 விழுக்காடு என்றால் இதுபோன்ற பத்து நாட்களில் மூன்று நாள் அங்கே மழை பெய்யும் என்று பொருள். நாளின் 30 விழுக்காட்டு நேரம் பெய்யும் என்பதில்லை, லேசான மழை என்பதும் இல்லை. 10 விழுக்காட்டில் வருவது பேய்மழையாகவும் இருக்கலாம்.

நான்காம் படி: பச்சைத் திரை

அரங்கத்தில் உங்களுக்குப் பின்னால் வரைபடம் கிடையாது, பச்சைச் சுவர் மட்டுமே. பச்சை நிறம் இருக்கும் இடமெல்லாம் கணினி வரைபடத்தை நிரப்புகிறது. பச்சை உடை அணிந்தால் உங்கள் நெஞ்சில் மழை பெய்யும். இது எல்லோருக்கும் தெரியும். தெரியாமல் அணிவது வேறு: நீலப்பச்சைச் சாயல் உள்ள துணி, பளபளக்கும் கல் பதித்த நகை, பளபளப்பான பட்டு, கண்ணாடிச் சட்டம். இவை சுவரின் பச்சையைப் பிரதிபலித்து ஓட்டை ஓட்டையாகத் தெரியும். நெருக்கமான மெல்லிய கோடுகள் போட்ட துணி கேமராவில் அலையடிக்கும். ஒற்றை நிறம், மங்கிய பரப்பு, உடலோடு பொருந்திய தையல் போதும். மைக்கின் ஒலிபரப்புப் பெட்டியை மாட்டுவதற்கு இடுப்புப் பட்டையோ உறுதியான விளிம்போ இருக்கட்டும்.

சுவரிலிருந்து ஒன்றரை முதல் 2 மீட்டர் முன்னால் நில்லுங்கள். ஒட்டி நின்றால் உங்கள் நிழல் சுவரில் விழுந்து அங்கே பச்சை கருத்துவிடும், கணினி அதைப் பச்சையாக ஏற்காது. தோளின் ஓரத்தில் பச்சை வெளிச்சமும் படியும்.

உங்களுக்கு வழிகாட்ட இரண்டு பக்கமும் மானிட்டர்கள் இருக்கும், பெரும்பாலும் கேமராவுக்குக் கீழே ஒன்றும். சில அரங்குகளில் அவை கண்ணாடி போல இடவலம் மாற்றிக் காட்டும், சிலவற்றில் காட்டாது. புதிய அரங்கில் முதல் வேலை, வலக்கையைத் தூக்கிப் பார்த்து எது என்று உறுதி செய்வது. பிறகு இந்தப் பயிற்சிகள்:

ஊர்களின் இடத்தை உடம்பால் நினைவில் வையுங்கள். உங்கள் உயரத்தில் எந்த ஊர் தோளுக்கு நேர், எது இடுப்புக்கு நேர் என்று வைத்துக்கொண்டால் மானிட்டரைப் பார்க்காமலே கை போகும்.

சுவருக்குப் பக்கத்தில் உள்ள கையால் காட்டுங்கள். தள்ளியிருக்கும் கையை உடம்பின் குறுக்கே கொண்டுபோனால் முகம் திரும்பும், மைக்கில் துணி உரசும். ஒற்றை விரலைவிட விரித்த உள்ளங்கை நல்லது. ஒரு கிலோமீட்டர் பிழை இருந்தாலும் உள்ளங்கை மன்னிக்கும்.

முக்கியமான காரியம் நடக்கும் பக்கத்தை மறைக்காதீர்கள். புயல் வரைபடத்தின் கிழக்கே இருந்தால் நீங்கள் மேற்கே நில்லுங்கள். இடம் மாற வேண்டுமென்றால் கேமராவைப் பார்த்தபடி இரண்டே அடியில் மாறுங்கள். பேச்சின் நடுவில் நடக்காமல் வாக்கிய முடிவில் நடப்பது கண்ணுக்கு உறுத்தாது.

மானிட்டரைப் பார்ப்பது ஒரு நொடிக்குள் முடியட்டும். ஊர்ப் பெயரைச் சொல்லும்போது வரைபடத்தைப் பார்க்கலாம், அறிவுரையைச் சொல்லும்போது கேமராவைப் பாருங்கள். 'மாலை நான்குக்குள் மலையை விட்டு இறங்கிவிடுங்கள்' என்பதைச் சுவரைப் பார்த்துச் சொன்னால் ஒருவரும் இறங்கமாட்டார்கள்.

வீட்டிலேயே பழகலாம். பச்சைத் துணியைச் சுருக்கமில்லாமல் இழுத்துக் கட்டி, துணிக்குத் தனி விளக்கு, உங்களுக்குத் தனி விளக்கு வைத்து, ஓபிஎஸ் ஸ்டூடியோ என்ற இலவச மென்பொருளில் பச்சைத் திரை வடிகட்டியைப் போட்டால் அரங்கம் தயார். துணியின் சுருக்கமும் சீரற்ற வெளிச்சமும்தான் வீட்டு முயற்சிகளைக் கெடுப்பவை.

ஐந்தாம் படி: இரண்டு நிமிடத்தைக் கட்டுதல்

செய்தி வாசிப்பவருக்கு, வாசிக்க வேண்டியதைக் கேமரா முன்னால் ஓட்டிக் காட்டும் டெலிப்ராம்ப்டர் உண்டு. வானிலை அறிவிப்பாளர் பெரும்பாலும் எழுத்து இல்லாமல்தான் பேசுகிறார், ஏனென்றால் கண் வரைபடத்துக்கும் கேமராவுக்கும் நடுவே ஓட வேண்டும். அதனால் மனப்பாடம் செய்யாதீர்கள். ஒவ்வொரு படத்துக்கும் ஒரே ஒரு கருத்தை முடிவு செய்துகொள்ளுங்கள். இரண்டு நிமிடத்துக்கு ஆறு அல்லது ஏழு படங்கள் போதும். படத்தை மாற்றும் கைக்கருவியான கிளிக்கரை அழுத்தியதும் வரும் படமே அடுத்த வாக்கியத்தை நினைவூட்டும்.

வரிசையில் ஒரு பழைய தவறு உண்டு: உலகப் படத்தில் தொடங்கி, மாநிலம், மாவட்டம் என்று இறங்கி, கடைசியில் 'நாளை மாலை இடி' என்று முடிப்பது. சமைத்துக்கொண்டே பார்ப்பவர் முதல் 15 விநாடியில் எழுந்து போயிருப்பார். நாளைய முடிவை மாற்றக்கூடிய செய்தியை முதலில் சொல்லுங்கள், காரணத்தை அப்புறம் விளக்குங்கள், கடைசியில் அதே செய்தியை வேறு சொற்களில் ஒருமுறை சொல்லுங்கள்.

எண்களைக் குறையுங்கள். எட்டு ஊர்களின் வெப்பநிலை படத்திலேயே இருக்கிறது, அதை வாசிப்பதில் பயன் இல்லை. அவற்றில் ஒன்று ஏன் மற்றவற்றைவிட 5 டிகிரி குறைவு என்று சொல்லுங்கள்: கடற்காற்று முற்பகலிலேயே அந்த ஊருக்குள் நுழைந்துவிடும் என்பது போல.

சொல்லில் கவனம் வேண்டும். 'மழைப்பொழிவு காணப்படக்கூடும்' என்று அறிக்கை மொழியில் பேசுவது நம்மிடம் ஊறிப்போன நோய். தூறல், சாரல், தூவானம், அடைமழை, ஆலங்கட்டி மழை என்று நமக்குத் தனித்தனிச் சொற்கள் இருக்கின்றன. ஒவ்வொன்றும் ஒவ்வொரு காட்சி. நனைந்து நடந்தவருக்கு அவற்றின் வேறுபாடு தெரியும், அதைப் பயன்படுத்துங்கள். அதேபோல் 'நல்ல வானிலை', 'மோசமான வானிலை' என்ற தீர்ப்புகளைத் தவிருங்கள். வெளியில் திரிய விரும்புபவர் தன்னையறியாமல் வெயிலைக் கொண்டாடிவிடுவார். அதே நேரத்தில் மழைக்காக வானத்தைப் பார்த்து நிற்கும் விவசாயி ஒருவரும் அதைக் கேட்டுக்கொண்டிருப்பார்.

ஒன்றை மட்டும் மாற்றக் கூடாது: அதிகாரபூர்வ எச்சரிக்கையின் நிறமும் நிலையும். ஆரஞ்சு என்றால் ஆரஞ்சு என்றே சொல்லுங்கள். 'ஏறக்குறைய சிவப்பு' என்று சொந்தமாக ஒரு நிலையை உருவாக்கினால், மீட்புக் குழுவினரும் பள்ளி நிர்வாகங்களும் வேறு வேறு எச்சரிக்கைகளைக் கேட்டதாக ஆகிவிடும். விளக்கம் உங்களுடையதாக இருக்கலாம், நிலை வானிலை மையத்தினுடையது.

நேரம் கடைசி நிமிடத்தில் மாறும். இரண்டு நிமிடம் என்பார்கள், முந்தைய செய்தி நீண்டதும் காதில் 'எழுபது விநாடி' என்று குரல் வரும். எந்த இரண்டு படங்களை விட்டுவிடலாம் என்று முன்கூட்டியே குறித்து வைத்திருங்கள். தயாரிப்பாளர் காதில் பத்திலிருந்து கீழே எண்ணும்போது பேசிக்கொண்டே ஒன்றில் முடிப்பதற்குத் தனிப் பயிற்சி வேண்டும். ஒருவரை எண்ணச் சொல்லி, தினமும் பத்து முறை செய்தால் ஒரு மாதத்தில் வந்துவிடும்.

ஆறாம் படி: வெளிக்கள நேரலை

வெளியை விரும்புபவர் காத்திருப்பது இதற்காகத்தான். ஆபத்தும் இங்கேதான்.

ஒலி முதலில். பார்வையாளர் மங்கலான படத்தைப் பொறுப்பார், கரகரக்கும் ஒலியைப் பொறுக்கமாட்டார். காற்றில் நுரைப்பஞ்சு மூடி மட்டும் போதாது, அதற்குமேல் ரோம உறை வேண்டும். மைக்கைக் காற்றுக்கு எதிர்ப்புறமாகப் பிடியுங்கள், அதாவது உங்கள் உடம்பு காற்றை மறிக்கட்டும். மழைச்சட்டையின் தலையுறை காதோரம் சரசரக்கும். தொப்பி நல்லது, சட்டைக் காலரில் குத்திய சிறு மைக்கைவிடக் கையில் பிடிக்கும் மைக் நல்லது.

கேமரா லென்ஸ் குளிரூட்டிய வண்டியிலிருந்து ஈரமான காற்றுக்கு வந்ததும் வியர்த்து மங்கும். நேரலைக்கு அரைமணி முன்பே வெளியே எடுத்து வையுங்கள். துடைக்கும் துணி நான்கைந்து, நீர் புகாத பையில். ஒன்று நனைந்தால் அது துடைக்காது, பூசும்.

செயற்கைக்கோள் வழி இணைப்பில் உங்கள் குரல் 36,000 கிலோமீட்டர் ஏறி இறங்க வேண்டியிருப்பதால் ஒரு பக்கத்துக்கே கால் விநாடி ஆகும். கைபேசி இணைப்புகளைச் சேர்த்து அனுப்பும் முதுகுப்பைக் கருவியில் தாமதம் இன்னும் கூடும். அரங்கத்தில் உள்ளவர் கேள்வி கேட்டு முடித்த பிறகும் நீங்கள் விழித்துக்கொண்டு நிற்பது போலத் தெரிவது இதனால்தான். கேள்வியை எதிர்பார்க்கும் முகத்தோடு, லேசாகத் தலையசைத்தபடி நில்லுங்கள். காதுக்கருவியில் உங்கள் சொந்தக் குரல் தாமதமாகத் திரும்ப வந்தால் பேச்சு குழறிவிடும். உங்கள் குரலை நீக்கிய ஒலியைத்தான் அனுப்புகிறார்களா என்று ஒத்திகையிலேயே கேட்டு உறுதி செய்யுங்கள். நேரலையில் அது நடந்தால், தயங்காமல் காதுக்கருவியைக் கழற்றிவிட்டுப் பேசி முடியுங்கள்.

இனிப் பாதுகாப்பு. இதில் பேரம் இல்லை.

மின்னலைப் பார்த்த நொடியிலிருந்து இடியைக் கேட்கும்வரை எண்ணுங்கள். 3 விநாடிக்கு ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர். 30 விநாடிக்குள் கேட்டால் மின்னல் 10 கிலோமீட்டருக்குள் இருக்கிறது, படப்பிடிப்பை நிறுத்திக் கட்டடத்துக்குள்ளோ உலோகக் கூரையுள்ள மூடிய வண்டிக்குள்ளோ போங்கள். கடைசி இடிக்குப் பிறகு 30 நிமிடம் வெளியே வராதீர்கள். ஒளிபரப்பு வண்டியின் உயர்கம்பத்தை இடி நேரத்தில் உயர்த்தக் கூடாது. மற்ற நேரத்திலும், தலைக்கு மேலே மின்கம்பி இருக்கிறதா என்று ஒருவர் வெளியே நின்று பார்த்த பிறகே உயர்த்த வேண்டும். கம்பம் மின்கம்பியைத் தொட்டு உயிர்கள் போயிருக்கின்றன.

வேகமாக ஓடும் வெள்ளம் 15 சென்டிமீட்டர் ஆழம் இருந்தாலே பெரியவரை வீழ்த்தும். 30 சென்டிமீட்டர் சிறிய காரை இழுக்கும், 60 சென்டிமீட்டர் பெரும்பாலான வண்டிகளைக் கொண்டுபோகும். அதில் நின்று பேசும் காட்சி வீரமாகத் தெரியலாம், ஆனால் 'இவர் நிற்கிறாரே, நானும் போகலாம்' என்று பார்ப்பவர் எடுத்துக்கொள்வார். வெள்ளத்தைக் காட்ட வேண்டுமென்றால் மேட்டில் நின்று, பின்னால் தெரியும்படி காட்டுங்கள். காற்றுக்கும் இதே கணக்கு: வேகம் இரண்டு மடங்கானால் தள்ளும் விசை நான்கு மடங்கு. 40 கிலோமீட்டரில் சமாளித்தோம், 80இல் கொஞ்சம் கூடுதலாக இருக்கும் என்று நினைப்பவர் தகரம் பறந்து வருவதைப் பார்ப்பதற்குள் அது வந்துவிடும். பெரிய மரம், விளம்பரப் பலகை, கட்டுமானச் சாரம் இவற்றின் விழும் தூரத்துக்குள் நிற்காதீர்கள்.

வெளிக்களத்தில் இடம் தேர்ந்தெடுப்பவர் அறிவிப்பாளர், நிறுத்தும் உரிமை குழுவில் எவருக்கும் உண்டு என்று வேலையின் முதல் நாளே எழுத்தில் வாங்கிக்கொள்ளுங்கள்.

ஏழாம் படி: வெளியில் போகிறவர்களுக்கான பகுதி

பொது வானிலையை எல்லோரும் சொல்வார்கள். மலையேறுபவருக்கும் மீனவருக்கும் மிதிவண்டிக்காரருக்கும் பயன்படும்படி வாரம் ஒருமுறை ஒரு பகுதி கேளுங்கள். உங்கள் விருப்பம் உங்களுக்கென ஓர் இடமாக மாறுவது இங்கேதான்.

மலைக்கு: பிற்பகல் இடிக்கு முன்னால் உச்சியை விட்டு இறங்கும் நேரத்தைச் சொல்லுங்கள். உச்சியின் வெப்பநிலையை அடிவார எண்ணிலிருந்து கணக்கிட்டுச் சொல்லுங்கள். கடலுக்கு: அறிக்கையில் வரும் அலை உயரம், அலைகளில் உயரமான மூன்றில் ஒரு பங்கின் சராசரி. 2 மீட்டர் என்று வந்தால் இடையிடையே அதைப்போல் ஏறக்குறைய இரு மடங்கு அலையும் எழலாம். சிறு படகுக்காரருக்கு அந்த இரண்டாம் எண்தான் வேண்டும். வெயிலுக்கு: வெப்பமும் ஈரப்பதமும் சேர்ந்து உடம்புக்கு எவ்வளவு சூடாகத் தோன்றும் என்று சொல்லும் வெப்பக் குறியீடு நிழலுக்கான கணக்கு, நேர் வெயிலில் 8 டிகிரி வரை கூடுதலாக உணரலாம். புற ஊதாக் குறியீடு 3ஐத் தொட்டாலே தோலுக்குக் காப்பு வேண்டும். மெல்லிய மேகம் அதைத் தடுக்காது, மலை ஏற ஏற அது கூடும்.

எட்டாம் படி: மாதிரிக் காணொளியும் முதல் வேலையும்

வேலை கேட்டு அனுப்பும் மாதிரிக் காணொளி மூன்று நிமிடத்துக்குமேல் வேண்டாம். இசையோடு வெட்டி ஒட்டிய துண்டுகளை முன்னால் வைக்காதீர்கள், முழுதாக ஒரு வானிலை அறிவிப்பை வெட்டாமல் வையுங்கள். அதற்கடுத்து ஒரு வெளிக்களம், ஒரு கடினமான நாள். தேர்ந்தெடுப்பவர் பார்ப்பது நீங்கள் தடுமாறினீர்களா என்பதை அல்ல, தடுமாறியபின் எப்படி மீண்டீர்கள் என்பதை. படம் வராமல் போனபோது வெறும் கையால் வானிலையைச் சொல்லி முடித்த 40 விநாடி உங்களிடம் இருந்தால் அதைச் சேருங்கள்.

முதல் வேலை பெரும்பாலும் சிறிய நிலையத்தில், வார இறுதியில் அல்லது விடிகாலையில். காலை நிகழ்ச்சிக்கு இரவு இரண்டு மணிக்கு எழ வேண்டியிருக்கும். கணினி மாதிரிகளை வாசிக்க ஒரு மணி, படங்களை நீங்களே வரைந்து அடுக்க ஒன்றரை மணி, ஒப்பனை, ஒத்திகை. அறையை முழு இருட்டாக்கிப் பகலில் தூங்கப் பழகாதவர்கள் ஆறே மாதத்தில் ஓய்ந்துபோகிறார்கள். எவ்வளவு நெருக்கடி இருந்தாலும், ஒப்பனைக்குப் போகும் முன் இரண்டு நிமிடம் வாசலுக்குப் போய் நில்லுங்கள். மழை இல்லை என்று திரையில் சொல்லும்போது நிலையத்தின் கூரையில் மழை கொட்டிக்கொண்டிருந்த சம்பவங்கள் நடப்பது இதைச் செய்யாததால்தான்.

ஒன்பதாம் படி: தவறிய நாளின் கணக்கு

குறிப்பேட்டை வேலைக்கு வந்தபின்னும் விடாதீர்கள். விழுக்காட்டில் சொன்ன கணிப்பு எவ்வளவு சரி என்று அளக்க, அமெரிக்க வானிலையாளர் கிளென் பிரையர் 1950இல் தந்த எளிய கணக்கு ஒன்று உண்டு. மழைக்கு 70 விழுக்காடு என்று சொல்லி மழை பெய்தால், 1இலிருந்து 0.7ஐக் கழித்து வர்க்கப்படுத்துங்கள்: 0.09. பெய்யாவிட்டால் 0.7இன் வர்க்கம்: 0.49. மாதம் முழுவதையும் கூட்டிச் சராசரி எடுங்கள். குறைய குறைய நல்லது. எல்லா நாளும் 50 என்று சொல்பவருக்கு எப்போதும் 0.25 வரும். உங்கள் எண் அதைவிடக் கூடினால் உங்கள் துணிச்சல் அறிவைவிட முன்னால் ஓடுகிறது. 'நாளையும் இன்று போலவே' என்று சொல்லும் ஒரு கற்பனை ஆளின் எண்ணையும் பக்கத்தில் எழுதி ஒப்பிடுங்கள். அவரையும் வெல்லாத மாதங்கள் வரும். அப்போது எந்தக் காற்றுத் திசையில், எந்தப் பருவத்தில் தவறுகிறீர்கள் என்று பிரித்துப் பாருங்கள். பெரும்பாலும் ஒரே வகை நாளில்தான் தவறு குவிந்திருக்கும்.

கணிப்பு பொய்த்த மறுநாள் அதை மறைக்க வேண்டாம், நீட்டவும் வேண்டாம். முதல் பத்து விநாடியில் சொல்லிவிடலாம்: 'நேற்று மாலை மழை வரும் என்றோம், வரவில்லை. கடற்காற்று எதிர்பார்த்ததைவிட இரண்டு மணி நேரம் தாமதமாக உள்ளே வந்தது. இன்றைய நிலவரம் இது.' சொல்லிவிட்டுக் கிளிக்கரை அழுத்தி அடுத்த படத்துக்குப் போங்கள்.